சர்க்கரைத் தோட்ட அடிமைகளை விடுவித்தது யார்?

ஆகஸ்ட் 1, ஒரு வாசகரின் கேள்வி

கரீபியன் கரும்புத் தோட்டங்களின் அடிமைமுறை பற்றி இங்கே அடிக்கடி பேச்சு வருகிறது. நான் படித்த வரைக்கும் அதை முதலில் ஒழித்த நாடு பிரிட்டன். வில்பர்ஃபோர்ஸ் நாடாளுமன்றத்தில் இருபது வருஷம் போராடினார், ஆங்கிலேயர்கள் மனசாட்சிக்குக் கட்டுப்பட்டு, லாபம் கொழித்த ஒரு தொழிலைத் தாங்களாகவே விட்டார்கள். இதை ஒத்துக்கொள்ள நமக்கு ஏன் இவ்வளவு தயக்கம்?

ஆகஸ்ட் 1, இரவு

"முதலில்" என்பதே சரியில்லை. 1791 ஆகஸ்ட் 22 இரவு, இன்று ஹைட்டி என்று சொல்கிறோமே, அன்றைக்குப் பிரெஞ்சுக் காலனியாக இருந்த சான் டொமிங், அதன் வடக்குச் சமவெளியில் கரும்புக் காடுகள் எரிய ஆரம்பித்தன. அங்கே அடிமைகள் கிட்டத்தட்ட 5 லட்சம் பேர், வெள்ளையர் சுமார் 30 ஆயிரம் பேர். ஐரோப்பாவுக்குப் போன சர்க்கரையில் ஏறக்குறைய 40 சதவீதம் அந்த ஒரு காலனியிலிருந்து வந்தது. இரண்டு வருஷம் சண்டை நடந்த பிறகுதான், 1793இல், பிரெஞ்சு ஆணையர் சோந்தொனாக்ஸ் அங்கே விடுதலையை அறிவித்தார். 1794 பிப்ரவரி 4இல் பாரிஸ் அதைத் தன் எல்லாக் காலனிகளுக்கும் சட்டமாக்கியது. அந்த நேரத்தில் பிரிட்டன் என்ன செய்துகொண்டிருந்தது? 1793 முதல் 1798 வரை அதே தீவுக்குப் படை அனுப்பி, தோட்ட முதலாளிகளோடு சேர்ந்து, அடிமைமுறையைத் திரும்ப நிலைநாட்டப் பார்த்தது. ஆயிரக்கணக்கான சிப்பாய்களை மஞ்சள் காய்ச்சலுக்கும், முன்பு அடிமையாக இருந்த கலகத் தலைவர் துசான் லூவெர்த்தியூரின் படைக்கும் பலி கொடுத்துவிட்டுத்தான் திரும்பியது. 1802இல் நெப்போலியனும் அதே வேலைக்குப் படை அனுப்பித் தோற்றார். 1804 ஜனவரி 1 அன்று ஹைட்டி தனி நாடானது.

இன்னொன்று, 1807ஐயும் 1833ஐயும் குழப்பிக்கொள்ள வேண்டாம். 1807 சட்டம் ஆட்களைக் கப்பலில் ஏற்றி விற்பதை மட்டும் தடை செய்தது. அடிமைமுறையையே ஒழித்தது 1833 சட்டம், அது நடைமுறைக்கு வந்தது 1834இல். தோட்டத்தில் ஏற்கெனவே இருந்தவர்கள் அதற்குப் பிறகும் 27 வருஷம் அடிமைகளாகவே இருந்தார்கள், அவர்களுக்குப் பிறந்த பிள்ளைகளும் அடிமைகளே. வில்பர்ஃபோர்ஸ் 1820களிலேயே தலைமையை இன்னொரு நாடாளுமன்ற உறுப்பினரான பக்ஸ்டனிடம் கொடுத்துவிட்டார். 1833 ஜூலையில் மசோதா பொதுச்சபையில் நிறைவேறும் என்ற செய்தி கேட்டு, சில நாளில் இறந்துபோனார். அவர் உழைப்பை நான் சிறுமைப்படுத்தவில்லை. ஆனால் "ஒருவரால்" என்ற கதை எனக்குப் போதவில்லை.

ஆகஸ்ட் 3

ஒரு நண்பர் வேறு திசையிலிருந்து வருகிறார். "மனசாட்சியும் இல்லை, கலகமும் இல்லை, இயந்திரம் வந்தது, அடிமை தேவைப்படவில்லை" என்கிறார். இதைப் பல இடங்களில் கேட்டிருக்கிறேன். கரும்பு தெரிந்தவர்கள் இதைச் சொல்ல மாட்டார்கள்.

தென்காசிப் பக்கம் எங்கள் அப்பா கரும்பு போட்டவர். ஆலையிலிருந்து வெட்டு உத்தரவு வருவதற்குக் காத்திருப்பதுதான் எங்கள் வீட்டின் பெரிய கவலை. வெட்டிய கரும்பை ஒரு நாளுக்குள் ஆலையில் போட்டாக வேண்டும். தள்ளிப்போனால் எடையும் குறையும், சத்தும் இறங்கும். ஒரு தடவை வெட்டிய கரும்பு வண்டியோடு வெயிலில் நின்று, அப்பா ராத்திரி முழுக்கத் தூங்காமல் இருந்ததைப் பார்த்திருக்கிறேன். சோகை, அதாவது கரும்பு இலை, கையைக் கிழிக்கும், கழுத்தில் அரிக்கும். இவ்வளவும் கூலி வாங்கும், வீட்டுக்குப் போகும், நாளைக்கு வரமாட்டேன் என்று சொல்லக்கூடிய ஆட்கள் செய்கிற வேலை. ஜமைக்காவில் அதைச் சாட்டையின் கீழே செய்தார்கள்.

கரும்பு அவசரப்படுத்தும் பயிர் என்பதால்தான் ஜமைக்காவிலும் பார்படோஸிலும் வயலும் ஆலையும் ஒரே தோட்டத்துக்குள் இருந்தன. ஜனவரியிலிருந்து சுமார் ஜூன் வரை அறுவடைப் பருவம், அந்த மாதங்களில் ஆலை இரவும் பகலும் ஓடும். பகலில் வயலில் வெட்டியவர்களே முறை வைத்து இரவில் ஆலையில் நிற்க வேண்டும். செங்குத்தாக நிற்கும் மூன்று உருளைகளுக்கு இடையே கையால் கரும்பைக் கொடுப்பார்கள், பெரும்பாலும் பெண்கள். தூக்கக் கலக்கத்தில் விரல் மாட்டினால் உருளை கையையே இழுத்துக்கொள்ளும். ஆளைக் காப்பாற்றக் கையை வெட்டியெடுக்கப் பக்கத்திலேயே கோடாரி வைத்திருந்தார்கள். பிறகு சாறு காய்ச்சும் கொட்டகை. பெரிய கொப்பரையிலிருந்து சின்னதற்கு என்று வரிசையாகக் கொப்பரைகள், ஒவ்வொன்றிலும் அழுக்கு எடுத்து அடுத்ததில் ஊற்றுவார்கள், கடைசிக் கொப்பரையில் பதம் பார்த்து இறக்குவார்கள். வெல்லம் காய்ச்சுகிறவர்களுக்குத் தெரியும், அந்தப் பதம் ஒரு நொடி தப்பினால் எல்லாம் போச்சு. அதைக் கண்ணாலும் விரலாலும் கண்டுபிடித்த கைத்திறனும் அடிமையுடையதுதான். கொதிக்கும் பாகு மேலே பட்டால் ஒட்டிக்கொள்ளும், துடைக்க முடியாது.

அறுவடை இல்லாத மாதங்களில் விதைக்கரும்புத் துண்டான கரணையை நட மண்வெட்டியால் குழி தோண்டுவார்கள், சாணத்தைக் கூடையில் தலைமேல் சுமப்பார்கள். முதல் அணியில் திடமான ஆண்களும் பெண்களும். பல தோட்டங்களில் அந்த அணியில் பெண்களே அதிகம். இரண்டாம் அணியில் வயதானவர்களும் இளவட்டங்களும். மூன்றாம் அணியில் குழந்தைகள், களை பறிக்க, மாட்டுக்குப் புல் சேர்க்க. அணியின் பின்னால் சாட்டையோடு நிற்கும் மேஸ்திரியும் அடிமைதான்.

இயந்திர விஷயத்துக்கு வருகிறேன். நீராவி ஆலைகள் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கரீபியனுக்கு வந்துவிட்டன. கியூபாவில் 1837இல் ரயிலே வந்தது, ஸ்பெயினில் ரயில் ஓடும் முன்பே. அங்கே அடிமைமுறை ஒழிந்தது 1886இல்! ஆலை வேகமாக அரைத்தால் இன்னும் அதிகக் கரும்பு வெட்ட வேண்டும், அதற்கு இன்னும் அதிக ஆட்கள். இயந்திரம் அவர்களை விடுவிக்கவில்லை, இன்னும் கடுமையாகப் பிழிந்தது.

ஆகஸ்ட் 3, கொஞ்ச நேரம் கழித்து

இந்த இழையில் ஒருவர் "10 கோடி ஆப்பிரிக்கர்களைக் கடத்தினார்கள்" என்று எழுதியிருக்கிறார். கப்பல் பதிவுகளை வைத்து ஆய்வாளர்கள் சொல்லும் எண்ணிக்கை சுமார் 1 கோடியே 25 லட்சம் பேர் ஏற்றப்பட்டார்கள், சுமார் 1 கோடியே 7 லட்சம் பேர் உயிரோடு இறங்கினார்கள் என்பது. நடுவில் போன 18 லட்சம் உயிர் போதாதா? எண்ணைப் பெருக்கினால் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொண்டு மற்ற எல்லாவற்றையும் பொய் என்று சொல்லும்.

இந்தக் கணக்கில் என்னை உலுக்கியது வேறொன்று. வட அமெரிக்காவுக்கு நேரடியாகக் கொண்டுபோகப்பட்டவர்கள் 4 லட்சத்துக்கும் குறைவு, 1860இல் அங்கே அடிமைகளின் எண்ணிக்கை கிட்டத்தட்ட 40 லட்சம். ஜமைக்காவில் இறக்கப்பட்டவர்கள் சுமார் 10 லட்சம், அதில் ஒரு பகுதி வேறு காலனிகளுக்கு விற்கப்பட்டது உண்மை, ஆனாலும் 1834இல் அங்கே மிச்சம் இருந்தவர்கள் 3 லட்சத்துச் சொச்சம். அமெரிக்கத் தெற்கிலும் கொடுமைதான், பருத்திக்காட்டிலும் சாட்டைதான். ஆனால் சர்க்கரைத் தீவுகளில் பிறந்தவர்களைவிடச் செத்தவர்கள் அதிகம். குழந்தை வளரும் வரை சோறு போடுவதைவிடக் கப்பலில் வரும் புது ஆளை வாங்குவது மலிவு என்று கணக்குப் போட்ட முதலாளிகள் இருந்தார்கள். இதை எழுதும்போது கை நடுங்குகிறது.

ஆகஸ்ட் 6

"பிரிட்டிஷ் காலனிகளில் கலகம் எல்லாம் அடக்கப்பட்டதே, அதனால் என்ன பயன்?" என்ற கேள்விக்கு.

மூன்று கலகங்களை வரிசையாக வையுங்கள். 1816 ஏப்ரல் 14, ஈஸ்டர் ஞாயிறு, பார்படோஸ். புஸ்ஸா என்ற அடிமையின் பெயரில் அறியப்படுகிறது. 1823 ஆகஸ்ட் 18, இன்றைய கயானாவில் உள்ள டெமராரா. 10 ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள் எழுந்தார்கள். 1831 கிறிஸ்துமஸ், ஜமைக்கா, 60 ஆயிரம் பேர் வரை. ஒவ்வொன்றும் முந்தையதைவிடப் பெரிது. மூன்றுக்கும் முன்னால் லண்டனில் அடிமைகள் பற்றி ஏதோ ஒரு பேச்சு ஓடிக்கொண்டிருந்தது, மூன்றிலும் "நமக்கு விடுதலை கொடுத்தாகிவிட்டது, முதலாளிகள் மறைக்கிறார்கள்" என்ற செய்தி தோட்டத்துக்குத் தோட்டம் பரவியது. யாரோ சாப்பாட்டு மேஜையில் முதலாளி திட்டுவதைக் கேட்டார்கள், யாரோ செய்தித்தாள் படித்தார்கள். அவர்கள் ஒன்றும் அறியாத கூட்டம் அல்ல, லண்டனைக் கவனித்துக்கொண்டே இருந்தார்கள்.

டெமராராவில் முன்னின்றவர்கள் "சக்ஸஸ்" என்ற தோட்டத்தைச் சேர்ந்த குவாமினா, அவர் மகன் ஜேக். அந்தத் தோட்டம் ஜான் கிளாட்ஸ்டனுடையது. பின்னாளில் பிரிட்டிஷ் பிரதமரானாரே வில்லியம் கிளாட்ஸ்டன், அவருடைய அப்பா. அடிமைக்குக் குடும்பப்பெயரும் முதலாளியுடையதுதான், அதனால் அந்த மகன் ஜேக் கிளாட்ஸ்டன். குவாமினா கடைசி வரை ரத்தம் சிந்த வேண்டாம், வேலையை நிறுத்தினால் போதும் என்று சொல்லிக்கொண்டிருந்தவர். அவரைச் சுட்டுக் கொன்று, உடலைச் சங்கிலியில் கட்டித் தோட்டத்துக்கு முன்னால் சாலையோரம் தொங்கவிட்டார்கள். அவர் டீக்கனாக, அதாவது சபை ஊழியத்தில் உதவுபவராக, இருந்த சபையின் மிஷனரி ஜான் ஸ்மித், லண்டன் மிஷனைச் சேர்ந்தவர், அவருக்கும் மரண தண்டனை. காச நோயோடு சிறையிலேயே 1824 பிப்ரவரியில் இறந்தார். மரண தண்டனையை ரத்து செய்யும் உத்தரவு அவர் இறந்த பிறகுதான் அங்கே வந்து சேர்ந்தது. ஒரு வெள்ளைப் பாதிரியார் செத்ததும் இங்கிலாந்தில் கொதித்தார்கள். நூற்றுக்கணக்கான கறுப்பர்கள் செத்ததற்கு அந்த அளவு கொதிக்கவில்லை, அதையும் சொல்லிவிட வேண்டும்.

ஜமைக்காவில் சாம் ஷார்ப். பாப்டிஸ்ட் டீக்கன், எழுதப் படிக்கத் தெரிந்தவர். அவர் திட்டம் எளிமையானது: கிறிஸ்துமஸ் விடுமுறை முடிந்ததும் கூலி கொடுத்தால்தான் கரும்பு வெட்டுவோம். அறுவடை தொடங்கும் நேரம் பார்த்து! கரும்பு காத்திருக்காது என்று அவருக்குத் தெரியாதா? ஆனால் டிசம்பர் 27 அன்று கென்சிங்டன் தோட்டத்தில் நெருப்பு வைக்கப்பட்டது, அதன் பிறகு அது வேலைநிறுத்தமாக நிற்கவில்லை. கொல்லப்பட்ட வெள்ளையர் 14 பேர். சண்டையில் சுமார் 200 அடிமைகள் இறந்தார்கள், அதன்பின் 300க்கு மேற்பட்டவர்களுக்குத் தூக்கும் துப்பாக்கியும். ஷார்ப்பை 1832 மே 23 அன்று மான்டிகோ பேயில் தூக்கிலிட்டார்கள். அடுத்த வருஷம் ஆகஸ்ட் 28இல் லண்டனில் ஒழிப்புச் சட்டம் கையெழுத்தானது. இது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை. அடுத்த நெருப்பை அடக்க எவ்வளவு படை, எவ்வளவு செலவு, ஹைட்டி மாதிரி ஆகிவிட்டால் என்ன என்ற கேள்வி அந்த அவையில் எல்லோர் மனதிலும் இருந்தது.

ஆகஸ்ட் 7

நேற்று எழுதியதைத் திரும்பப் படித்தேன். கலகம் மட்டுமே செய்து முடித்தது என்று ஒரு தொனி வந்திருக்கிறது. அதை அப்படியே விட மனமில்லை, ஏனென்றால் இங்கிலாந்தின் சாதாரண ஜனங்கள் செய்தது பெரிய காரியம்.

1787 மே 22 அன்று லண்டனில் ஒரு அச்சகத்தில் 12 பேர் கூடி அடிமை வணிகத்தை ஒழிக்க ஒரு குழு அமைத்தார்கள், அதில் 9 பேர் குவேக்கர்கள் என்ற கிறிஸ்தவப் பிரிவினர். தாமஸ் கிளார்க்சன் ஊர் ஊராகக் குதிரையில் போய் மாலுமிகளிடம் சாட்சியம் திரட்டினார், கைவிலங்கு, வாய்ப்பூட்டு எல்லாம் கடையில் வாங்கி வந்து மேடையில் காட்டினார். அடிமையாக இருந்து, தன் விடுதலையைத் தானே காசு கொடுத்து வாங்கிய ஒலாடா எக்வியானோ 1789இல் தன் வரலாற்றை எழுதி நாடு முழுக்கக் கொண்டுபோனார். 1791இல் நாடாளுமன்றம் அடிமை வணிகத்தைத் தடை செய்யும் மசோதாவைத் தோற்கடித்ததும் ஜனங்கள் சர்க்கரையை நிறுத்தினார்கள். 3 லட்சம் பேர் விட்டிருப்பார்கள் என்று கிளார்க்சன் கணித்தார். ஓட்டுரிமை இல்லாத பெண்கள், சமையலறையை வைத்துச் செய்த அரசியல் அது. 1792இல் ஒரே கூட்டத்தொடரில் 519 மனுக்கள் போயின.

அப்புறம் லெஸ்டரைச் சேர்ந்த எலிசபெத் ஹெய்ரிக். ஆண் தலைவர்கள் எல்லாம் "படிப்படியாக" என்று பேசிக்கொண்டிருந்த 1824இல் "உடனே, இப்போதே" என்று துண்டுப்பிரசுரம் போட்டார். நகரத்தில் வீடு வீடாகப் போய் அடிமைச் சர்க்கரை வாங்காதீர்கள் என்று கேட்டார். அவரை இவ்வளவு குறைவாகப் பேசுகிறோமே என்று எனக்கு வருத்தம். 1833இல் 1,87,000 பெண்கள் கையெழுத்திட்ட ஒரு மனுவை நாலு உறுப்பினர்கள் சேர்ந்து தூக்கிக்கொண்டு போனார்கள். 1832இல் தேர்தல் முறை மாறியதால் தோட்ட முதலாளிகள் கையில் இருந்த பல இடங்கள் போய்விட்டன என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

ஆனால் இவர்களுக்குக் கையில் ஆதாரம் கொடுத்தது யார்? ஜமைக்காவிலிருந்து திரும்பிய பாப்டிஸ்ட் போதகர் வில்லியம் நிப், தான் கண்ணால் பார்த்த தூக்குமேடைகளைப் பற்றி 1832இல் ஊர் ஊராகப் பேசினார். ஷார்ப் இல்லாமல் நிப்புக்குப் பேச என்ன இருந்திருக்கும்? இரண்டையும் பிரித்துப் பார்க்க என்னால் முடியவில்லை.

ஆகஸ்ட் 7, இரவு

"இந்தியச் சர்க்கரை" பற்றி ஒருவர் கேட்டிருக்கிறார். ஆமாம், அந்தக் காலத்துச் சர்க்கரைக் கிண்ணங்களில் "கிழக்கிந்தியச் சர்க்கரை, அடிமைகள் செய்தது அல்ல" என்று பொறித்து விற்றார்கள். வங்காளத்திலிருந்து போன சர்க்கரை. அதே நேரத்தில் கம்பெனி ஆட்சிக்குள்ளேயே அடிமைகள் இருந்தார்கள், தஞ்சாவூர்ப் பண்ணைகளிலும் மலபாரிலும் நிலத்தோடு சேர்த்தும் தனியாகவும் ஆள் கைமாறிக்கொண்டிருந்தது. 1833 சட்டத்தை எடுத்துப் பாருங்கள், கம்பெனி ஆளும் பகுதிகளுக்கும் இலங்கைக்கும் இது பொருந்தாது என்று அதிலேயே ஒரு பிரிவு இருக்கிறது. இந்தியாவுக்கு 1843இல் ஐந்தாம் சட்டம் வந்தது, அதுவும் அடிமை மீதான உரிமையை நீதிமன்றம் ஏற்காது என்று சொன்னதோடு நின்றது. அடிமையாக ஆள் வைத்திருப்பது குற்றம் என்று ஆனது தண்டனைச் சட்டம் வந்த பிறகுதான். மேற்கிந்தியத் தீவுக்காக அழுதவர்களில் எத்தனை பேருக்குத் தஞ்சாவூர்ப் பறையர், பள்ளர் சேரிகளைத் தெரியும் என்று நினைத்துக்கொள்வேன்.

ஆகஸ்ட் 11

பணம். இந்த இழையில் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது இதுதான், இவ்வளவு தள்ளிப்போய்விட்டது.

1833 சட்டத்தில் 2 கோடி பவுண்டு இழப்பீடு ஒதுக்கினார்கள். அன்றைய பிரிட்டிஷ் அரசின் ஒரு வருஷச் செலவில் சுமார் 40 சதவீதம். முழுவதும் அடிமைகளை வைத்திருந்தவர்களுக்கு. அடிமைகளுக்கு ஒரு பென்னி கிடையாது, ஒரு துண்டு நிலம் கிடையாது. அது மட்டுமா, 1834 ஆகஸ்ட் 1க்குப் பிறகும் "பயிற்சிப் பணியாளர்" என்ற பெயரில் பழைய முதலாளியிடமே வாரத்துக்கு 40 மணி நேரத்துக்கு மேல் கூலி இல்லாமல் உழைக்க வேண்டும், வயல்காரர்களுக்கு ஆறு வருஷம். வராதவர்களைச் சிறையில் மிதிசக்கரத்தில் ஏற்றினார்கள். எதிர்ப்பு வலுத்து 1838 ஆகஸ்ட் 1இல்தான் அது முடிந்தது. ஆக, தங்கள் விலையின் ஒரு பகுதியை அவர்களே உழைத்துக் கட்டினார்கள்.

இழப்பீட்டுக்கு வாங்கிய கடன் வேறு கடன்களோடு கலந்து 2015இல்தான் தீர்ந்தது. இதை 2018இல் பிரிட்டிஷ் நிதித்துறையே பெருமையாக ஒரு ட்வீட் போட்டுப் பிறகு நீக்கியது. நான் லண்டனில் வேலை பார்த்து வரி கட்டியவன். கரீபியனிலிருந்து வந்து அங்கே குடியேறியவர்களின் பிள்ளைகளும் கட்டினார்கள். தங்கள் முன்னோரை வைத்திருந்தவனுக்குக் கொடுத்த ஈட்டுத்தொகையை அவர்களும் சேர்ந்து அடைத்திருக்கிறார்கள். இதை ஜமைக்காக் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு சக ஊழியரிடம் பேசியபோது அவர் நெடுநேரம் பதில் சொல்லவில்லை.

என் அலுவலகம் கேனரி வார்ஃபில். பக்கத்தில் பழைய மேற்கிந்தியத் துறைமுகத்தின் சர்க்கரைக் கிடங்கு, 1802இல் கட்டியது, இப்போது அருங்காட்சியகம். அதன் வாசலில் ராபர்ட் மில்லிகன் சிலை நின்றது. அந்தத் துறைமுகத்தைக் கட்ட முன்னின்றவர், 1809இல் இறந்தபோது ஜமைக்காவில் அவரிடம் 526 அடிமைகள். மதியச் சாப்பாட்டுக்கு அந்தச் சிலையைத் தாண்டித்தான் போவேன். 2020 ஜூன் 9 அன்று அதை எடுத்துவிட்டார்கள். "வரலாற்றை அழிக்கிறார்கள்" என்று கத்தினவர்கள் உண்டு. வரலாறு உள்ளே அருங்காட்சியகத்தில் இருக்கிறது, போய்ப் பாருங்கள். அந்தச் சிலை நின்றவரை அடிமைகளைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை.

ஜான் கிளாட்ஸ்டன் வாங்கிய தொகை? 2,508 பேருக்காக 1 லட்சத்து 6 ஆயிரம் பவுண்டுக்கு மேல்.

ஆகஸ்ட் 12

திருநெல்வேலிக்காரர்களுக்கு ஒரு விஷயம். எங்கள் பக்கம் கிறிஸ்தவ ஊர்களை எஸ்.பி.ஜி. ஊர், சி.எம்.எஸ். ஊர் என்றுதான் பிரித்துச் சொல்வார்கள், இரண்டும் இங்கிலாந்து மிஷன் சங்கங்கள். எங்கள் அம்மா வழி எஸ்.பி.ஜி. கால்டுவெல் ஐயர் இடையன்குடியில் இருந்தது அந்தச் சங்கத்தின் சார்பில்தான். பள்ளிக்கூடம், மருத்துவமனை, எழுத்து என்று எங்கள் குடும்பமே அந்தச் சங்கத்துக்குக் கடன்பட்டது, பாட்டி அதை நன்றியோடுதான் சொல்வார்.

அதே சங்கம் 1710இல் கிறிஸ்டோபர் காட்ரிங்டன் என்பவரின் உயில்படி பார்படோஸில் கரும்புத் தோட்டங்களுக்கு உரிமையாளரானது. அங்கே இருந்தவர்களின் நெஞ்சில் ஆரம்ப காலத்தில் "சொசைட்டி" என்று பழுக்கக் காய்ச்சிய இரும்பால் சூடு போட்டார்கள். சங்கத்தின் பெயர் அது, சுவிசேஷம் பரப்பும் சங்கம். 1834 வரை வைத்திருந்து, 411 பேருக்கு 8,800 பவுண்டுக்கு மேல் இழப்பீடும் வாங்கியது. திருநெல்வேலிப் பணியை அது ஏற்றது 1820களில், அதாவது அங்கே அடிமைகளை வைத்துக்கொண்டிருந்த காலத்திலேயே. தோட்டத்துப் பணம் திருநெல்வேலிக்கு வந்தது என்று நான் சொல்லவில்லை, அது பெரும்பாலும் பார்படோஸில் காட்ரிங்டன் கல்லூரிக்குப் போனது. 2006இல் இங்கிலாந்துத் திருச்சபையின் பேரவை இதற்காக மன்னிப்புக் கேட்டது. 2023இல் அந்தச் சங்கம் பார்படோஸில் 70 லட்சம் பவுண்டு செலவிடுவதாக அறிவித்தது.

இதை எங்கள் சபையில் ஒருமுறை பேசினேன். ஒரு பெரியவர், "நமக்கு நல்லது செய்தவர்களைப் பற்றி இப்படிப் பேசலாமா தம்பி" என்று கேட்டார். பேசலாம் ஐயா, பேசத்தான் வேண்டும் என்று சொன்னேன். எனக்குக் கிடைத்த நல்லது என்னுடைய நன்றிக்குரியது, அந்த 411 பேரை மறக்க அது காரணம் ஆகாது.

ஆகஸ்ட் 15

"பாரதி பாடிய கரும்புத் தோட்டம் இதுதானே?" இல்லை. அவர் பாடியது ஃபிஜியில் ஒப்பந்தக் கூலிகளாக இருந்த பெண்களை, கிட்டத்தட்ட எண்பது வருஷம் பிந்தியது. ஆனால் இரண்டுக்கும் நடுவில் நேர்க்கோடு ஒன்று ஓடுகிறது, அதை இழுத்தவர்களில் ஒருவர் அதே ஜான் கிளாட்ஸ்டன். கூலி இல்லாத உழைப்பு முடியப்போகிறது என்று தெரிந்ததும் கல்கத்தாவுக்குக் கடிதம் எழுதி ஆள் கேட்டார். 1838 மே மாதம் விட்பி, ஹெஸ்பரஸ் என்ற இரண்டு கப்பல்கள் டெமராராவுக்கு வந்தன. மொரீஷியஸில் அதற்கு முன்பே, 1834இல் தொடங்கிவிட்டது, பிறகு அங்கே சென்னையிலிருந்தும் ஏராளமாகப் போனார்கள். 1860இல் சென்னையிலிருந்து ட்ரூரோ கப்பல் தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்குப் போனதும் நட்டால் கரும்புக்குத்தான்.

அதனால் "ஒப்பந்தக் கூலியும் அடிமையும் ஒன்றுதான், நாமும் அடிமைகளாக இருந்தவர்கள்" என்று இங்கே மூன்று நாலு பேர் எழுதுவதை என்னால் ஏற்க முடியவில்லை. ஏமாற்றி ஏற்றினார்கள், சரி. அனுமதிச் சீட்டு இல்லாமல் தோட்டத்தை விட்டு வெளியே போனால் சிறை, சரி. பெண்கள் பட்டதை எழுதி முடியாது. ஆனால் அந்தக் கூலியின் குழந்தை பிறக்கும்போதே இன்னொருவன் சொத்தாகப் பிறக்கவில்லை. அவர்களை ஏலத்தில் விற்க முடியாது. அஞ்சு வருஷம் முடிந்தால் ஒரு முடிவு இருந்தது. கறுப்பர்களின் துயரத்தை எடுத்து நம் துயரத்துக்கு அடைமொழியாக்க வேண்டாம். இன்னொன்று, விடுதலையானவர்கள் நல்ல கூலி கேட்டபோது அதைக் கொடுக்காமல் இருப்பதற்காகத்தான் நம்மவர்களை இறக்கினார்கள். கயானாவிலும் டிரினிடாடிலும் இரு சமூகத்துக்கும் இடையே இன்று வரை இருக்கும் கசப்பின் வேர் அங்கே இருக்கிறது. 2023 ஆகஸ்டில் கிளாட்ஸ்டன் வம்சத்தவர்கள் கயானாவுக்குப் போய் அடிமைமுறைக்கும் ஒப்பந்த முறைக்கும் சேர்த்தே மன்னிப்புக் கேட்டார்கள்.

நேரடியாக அடிமைகளாகவே போன தமிழர்களும் உண்டு. 18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக்காரர்கள் புதுச்சேரியிலிருந்து மொரீஷியஸுக்குக் கொண்டுபோனவர்களில் கைவினைஞர்களும் இருந்தார்கள், அடிமைகளும் இருந்தார்கள். அவர்களைப் பற்றிப் பேசுகிறவர்கள் ரொம்பக் குறைவு.

ஆகஸ்ட் 16

ஹைட்டி ஏன் இன்னும் ஏழையாக இருக்கிறது என்று கேட்டவருக்குச் சுருக்கமாக. 1825இல் பிரெஞ்சு அரசன் பத்தாம் சார்ல்ஸ் போர்க்கப்பல்களை அனுப்பி, உங்களை நாடாக ஏற்க வேண்டுமென்றால் முன்னாள் முதலாளிகளுக்கு 15 கோடி பிராங்க் கொடுங்கள் என்றான். 1838இல் 9 கோடியாகக் குறைத்தார்கள். அதைக் கட்ட பாரிஸ் வங்கிகளிடமே கடன், கடனுக்கு வட்டி, கடைசித் தவணை 1947. இது மட்டுமே காரணம் இல்லை, பிறகு வந்த ஆட்சியாளர்களும் அமெரிக்க ஆக்கிரமிப்பும் உண்டு. ஆனால் ஒரு நாடு நூற்றிருபது வருஷம் பள்ளிக்கூடம் கட்ட வேண்டிய பணத்தை இப்படிக் கட்டினால் மிச்சம் என்ன இருக்கும்?

பிரிட்டனும் 1846இல் சர்க்கரை வரியைச் சமப்படுத்தக் கிளம்பி, கியூபா, பிரேசில் அடிமைகள் செய்த மலிவுச் சர்க்கரைக்குத் தன் சந்தையைத் திறந்துவிட்டது. ஒழித்துப் பதின்மூன்று வருஷம்கூட முழுதாக ஆகவில்லை. பிரேசில் விடுதலை தந்தது 1888இல்.

ஆகஸ்ட் 19

தனிச்செய்தியில் இரண்டு பேர் எங்கே தேடுவது என்று கேட்டார்கள், இங்கேயே சொல்லிவிடுகிறேன். இழப்பீடு கேட்ட சுமார் 46 ஆயிரம் பேரின் பட்டியலை லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரி இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. பெயர், தோட்டம், தொகை எல்லாம் தேடலாம். விதவைகள், பாதிரியார்கள் என்று ஒன்றிரண்டு அடிமைகளை மட்டும் வைத்திருந்த சாதாரண ஆட்களும் அதில் ஏராளம். ஆனால் அது உரிமையாளர்களின் பட்டியல். அடிமைகளின் பெயர்கள் வேண்டுமென்றால் 1810களிலிருந்து காலனிகளில் எடுத்த பதிவேடுகளுக்குப் போக வேண்டும், லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் டி 71 (T 71) என்ற தொகுதி. ஒரு தோட்டத்துக்கு ஒரு பட்டியல், ஆளுக்கு ஒரு வரி, பெயர், வயது, எங்கே பிறந்தவர். மொரீஷியஸ் பதிவேடுகளில் இந்தியாவிலிருந்து கொண்டுபோகப்பட்டவர்களும் இருக்கிறார்கள். பிரெஞ்சும் தமிழும் தெரிந்த யாராவது அந்தத் தொகுதிகளில் உட்கார முன்வந்தால் என்னால் முடிந்த உதவியைச் செய்கிறேன், தனிச்செய்தியில் எழுதுங்கள்.